பூட்டிய அறையும் பழைய பேப்பர் லோரியும்

தீபாவளிக்கு இரண்டு வாரம் இருக்கும்போது எங்கள் வீட்டில் ஆண்டுதோறும் ஒரே பஞ்சாயத்து. அலமாரிக்கு மேலே ஒரு பிளாஸ்டிக் பை இருக்கிறது. கல்யாணப் பத்திரிகை, புதுமனை அழைப்பு, கோயில் திருவிழா நோட்டீஸ், கிழித்த நாள்காட்டித் தாள் எல்லாம் அதற்குள். ஒவ்வொன்றின் தலையிலும் ஒரு பிள்ளையார், இல்லாவிட்டால் ஒரு முருகன், அதுவும் இல்லையென்றால் 'உ' என்று ஒரு சுழியாவது இருக்கும். வெளியே "பேப்பர் லாமா, பேப்பர் லாமா" (பழைய பேப்பர்) என்று ஒலிபெருக்கியில் பாடிக்கொண்டே லோரி எங்கள் லோரோங்குக்குள், அதாவது சந்துக்குள், திரும்பும். நான் பையை இறக்குவேன். "அதப் போட்டுடாதமா, சாமி இருக்கு" என்பார் அம்மா. பை மறுபடியும் மேலே ஏறிவிடும், போன ஆண்டைவிடக் கொஞ்சம் பெருத்து.

நான் எழுதிக்கொண்டிருக்கும் கதையில் வரும் கூட்டம் அந்தப் பைக்குள்ளிருந்துதான் வந்தது. பினாங்கின் ஜார்ஜ் டவுனில், லெபோ குவீன் மாரியம்மன் கோயிலுக்குக் கூப்பிடு தூரத்தில் ஒரு பழைய கடைவீட்டு மேல்மாடி. அங்கே சில புனித எழுத்துகளைத் தலைமுறை தலைமுறையாகக் காத்துவருகிறார்கள். ஆள் குறைவு, சடங்கு அதிகம். கூட்டத்துக்கு இன்னும் பெயர்கூட வைக்கவில்லை. முழுக்கக் கற்பனை. பினாங்கில் அப்படி ஒரு மடமோ சங்கமோ இருந்ததாக நினைத்து யாரும் தேடிக்கொண்டு போக வேண்டாம்.

முதல் வரைவில் அவர்களுக்கு ஓர் இரும்புப் பெட்டி கொடுத்திருந்தேன். ஏழு பூட்டு, ஏழு சாவி, ஏழு பேர். ரகசியத்தை வெளியே சொன்னால் நாக்கு அழுகும் என்று ஒரு சத்தியம் வேறு. படித்துப் பார்த்த நண்பர் ஒருவர் சுவடிகளோடு கொஞ்சம் பழக்கமுள்ளவர். அவர் கேட்டது ஒரே கேள்விதான்: "ஏழு பூட்டு சரி. கரையான் எந்தச் சாவிய போட்டு உள்ள வரும்?"

பெட்டியைத் தூக்கிப்போட்டுவிட்டேன். எழுத்தைப் புனிதமாக நினைத்தவர்கள் நிஜத்தில் அதை என்ன செய்தார்கள் என்று தேட ஆரம்பித்தேன். கதைக்காகத் தேடியதுதான், ஆனால் கதையைவிட அது சுவையாக இருந்தது.

கரையான் கதை நம்மிடமே ஒன்று இருக்கிறது. தேவாரம் கிடைத்த விதம் என்று திருமுறை கண்ட புராணம் சொல்லும் கதை. ராஜராஜ சோழன் மூவர் பாடிய பதிகங்களைத் தேடுகிறார். அவை தில்லையில், அதாவது சிதம்பரத்தில், பொன்னம்பலத்துக்கு மேற்கே, மூவரின் கையடையாளம் இட்ட ஓர் அறையில் இருப்பதாக நம்பியாண்டார் நம்பி வழியாகத் தெரியவருகிறது. திறக்கச் சொன்னால், பாடியவர்கள் மூவரும் வந்தால் திறப்போம் என்கிறார்கள் தில்லை அந்தணர்கள். மூவரும் போய்ச் சேர்ந்து நூற்றாண்டுகள் ஆகிவிட்டன. ராஜா சளைக்கவில்லை. மூவரின் திருவுருவங்களையும் ஊர்வலமாகக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தி, இதோ வந்துவிட்டார்கள் என்கிறார். கதவு திறக்கிறது. உள்ளே ஏடுகளை மூடி ஒரு புற்று. எண்ணெய் ஊற்றிப் புற்றைக் கரைத்து எடுத்துப் பார்த்தால் பெரும்பகுதி அரித்துப் போயிருக்கிறது. இந்தக் காலத்துக்கு வேண்டியதை மட்டும் விட்டுவைத்தோம், வருந்தாதே என்று ஓர் அசரீரி ஆறுதல் சொல்கிறது.

சின்ன வயதில் கோயில் சமய வகுப்பில் இதைக் கேட்டபோது ராஜாவின் சாமர்த்தியம்தான் மனதில் நின்றது. இப்போது படித்தால் அந்த அறைதான் கண்ணில் நிற்கிறது. காவலுக்கு அங்கே ஒரு குறையும் இல்லை. முத்திரை இருந்தது, கட்டுப்பாடு இருந்தது, பயபக்தியும் இருந்தது. உள்ளே போய் ஓர் ஏட்டைப் புரட்ட ஆள்தான் இல்லை. அசரீரி சொன்னது எனக்கு ஆறுதலாகவும் படவில்லை. கணக்குக் கேட்ட இடத்தில் சொன்ன சமாதானம் மாதிரி இருக்கிறது. பக்தர்கள் மன்னிக்க வேண்டும்.

ஓலையின் கணக்கு எளிது. பனையோலையோ தாளிப்பனை ஓலையோ, பதப்படுத்தி, மஞ்சளும் கரியும் தடவி, நன்றாகப் பேணினாலும் நம் வெயிலிலும் ஈரத்திலும் 300, 400 ஆண்டு தாங்கினாலே பெரிது. 2000 ஆண்டுப் பழமை சொல்லும் ஒரு சங்கப் பாட்டு இன்று கையில் இருக்கிறதென்றால், இடையில் குறைந்தது ஐந்தாறு பேர் எழுத்தாணியோடு உட்கார்ந்து அதைப் பெயர்த்தெழுதியிருக்கிறார்கள் என்று பொருள். அவர்களில் பெரும்பாலோருக்குப் பெயர் கிடையாது. மூல ஏட்டை யாரும் காக்கவில்லை, காத்திருக்கவும் முடியாது. அது எப்போதோ மண்ணாகிவிட்டது.

அப்படியானால் ரகசியக் கூட்டம், மந்திர எழுத்து என்ற எண்ணமெல்லாம் எங்கிருந்து வந்தது? அதற்கும் வேர் இருக்கிறது, ஆழமான வேர். எழுத்து ஒரு குறி மட்டும்தான், சொல்லைத் தாளில் நிறுத்த உதவும் கோடு என்பது ஒரு பார்வை. எழுத்தே தெய்வத்தின் உடம்பு என்பது இன்னொன்று. திருமூலர் இரண்டாவது கட்சி. ஐம்பது எழுத்துக்குள் வேதமும் ஆகமமும் அடங்கும் என்கிறார், அதைத் தெரிந்துகொண்டபின் அந்த ஐம்பதும் போய் ஐந்தெழுத்து மட்டும் மிஞ்சும் என்கிறார். தாந்திரிக வழிபாட்டில் நியாசம் என்று ஒன்று உண்டு. நெற்றி, கண், காது, தோள் என்று உடம்பின் ஒவ்வோர் இடத்தையும் தொட்டு ஒவ்வோர் எழுத்தை அங்கே இருத்துவார்கள். பூசை செய்பவரின் உடம்பே நெடுங்கணக்காகிவிடும், முழு எழுத்து வரிசையாக.

இதே யோசனை பாரசீகத்தில் ஒரு தனிக் கூட்டத்தையே உண்டாக்கியது. 14-ஆம் நூற்றாண்டில் ஃபஸ்லுல்லா அஸ்தராபாதி என்பவரைச் சுற்றி வளர்ந்தவர்கள் ஹுரூஃபிகள். ஹர்ஃப் என்றால் எழுத்து, ஹுரூஃப் அதன் பன்மை. அரபியின் 28 எழுத்தும் பாரசீகத்தின் 32 எழுத்தும் மனித முகத்திலேயே எழுதப்பட்டிருக்கின்றன, புருவமும் இமையும் தலைமுடியும் அதன் வரிகள் என்று நம்பினார்கள். 1394-இல் தைமூரின் மகன் மீரான் ஷா அவரைக் கொன்றான். அந்த வழியில் வந்த கவிஞர் நசீமியும் பின்னால் அலெப்போவில் கொல்லப்பட்டார். கதைக்காரர்கள் தேடி அலையும் மறைபொருள் கூட்டம் இதுதான். இதில் நான் ரசித்தது ஒரு சின்ன விஷயம். அவர்களுடைய புனித ஏடு எல்லார் கழுத்துக்கு மேலேயும் இருந்தது. அதை எந்தப் பெட்டியில் வைத்துப் பூட்டுவது?

சீனர்களின் கதை வேறு மாதிரி. எழுத்தைக் கண்டுபிடித்த சாங் ஜியேவுக்கு நான்கு கண்கள். அவர் எழுத்தைப் படைத்த அன்று வானத்திலிருந்து தானியம் மழையாகக் கொட்டியதாம், இரவில் பேய்கள் அழுதனவாம். ஏன் அழுதன என்பதற்கு ஆளுக்கொரு விளக்கம் உண்டு. இனி மனிதர்களை ஏமாற்ற முடியாதே என்றுதான் அழுதிருக்கும் என்பது என் விளக்கம்.

இங்கே ஒன்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும். என் முதல் வரைவு தடுமாறியதே இதில்தான். கோயில் கும்பாபிஷேகத்தில் மூலவரின் பீடத்துக்கு அடியில் யந்திரத் தகடு வைப்பார்கள். கோடு, கோணம், நடுவில் பீஜ எழுத்துகள், மந்திரத்தின் விதை மாதிரி. வைத்து, சிலையைப் பீடத்தோடு இறுக்கும் மருந்து சாத்திவிட்டால் அதை யாரும் பார்க்கப்போவதில்லை, படிக்கப்போவதும் இல்லை. ஆனாலும் அது அங்கே வேலை செய்கிறது என்பது நம்பிக்கை. தாயத்துக்குள் சுருட்டி வைக்கும் தகடும் அப்படித்தான். விஜயதசமி அன்று பிள்ளையின் விரலைப் பிடித்து அரிசித் தட்டில் 'அ' எழுத வைக்கிறோம். அடுத்த பிள்ளை உட்கார்ந்ததும் தட்டை ஒரு குலுக்குக் குலுக்கினால் பழைய 'அ' போய்விடும். முஸ்லிம் குடும்பங்கள் சிலவற்றில் பீங்கான் தட்டில் குங்குமப்பூக் கரைசலால் ஓதல் வரிகளை எழுதி, அதைக் கழுவிய நீரை நோயாளிக்குக் குடிக்கக் கொடுக்கும் வழக்கம் உண்டு. இவை படிப்பதற்கான எழுத்துகள் இல்லை. மறைவதும் கரைவதும்தான் இவற்றின் தொழில்.

தேவார ஏட்டின் கதை அப்படியா? அது பாடுவதற்காக எழுதியது. ஒரு தலைமுறை படிக்காவிட்டால் போச்சு. படிக்க வேண்டிய ஏட்டைப் பீடத்துக்கு அடியில் கிடக்கும் தகடு மாதிரி நடத்தினால் புற்றுதான் வளரும். தமிழில் நாம் இழந்தது பலவும் இந்தக் குழப்பத்தில் போனவை என்று எனக்குப் படுகிறது. அலட்சியத்தால் போனதைவிட மரியாதையால் போனது குறைவாக இருக்காது.

உ.வே.சாமிநாதையர் சுவடி தேடி ஊர் ஊராக அலைந்த நாளில் கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலுக்குப் போன கதை இதற்கு நல்ல சாட்சி. வரகுணராம பாண்டியன் சேர்த்துவைத்த ஏடுகள் அங்கே இருப்பதாகக் கேள்விப்பட்டுப் போகிறார். பழுதான ஏடுகளை நெய்யில் தோய்த்து ஹோமத்தில் போட்டுவிட்டோம், ஆகமத்தில் அப்படித்தான் சொல்லியிருக்கிறது என்று பதில் வருகிறது. எரித்தவர்கள் முரடர்கள் இல்லை. குப்பையில் போடக் கூடாது, மிதிபடக் கூடாது, அக்கினியிடம் ஒப்படைப்பதே முறை என்று நினைத்தவர்கள். அப்படி ஓர் ஆகமம் இருந்தால் அந்த ஆகமத்தைத்தான் முதலில் தீயில் போட்டிருக்க வேண்டும் என்று ஐயருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்ததாம். ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விட்ட சுவடிகளைப் பற்றியும் அந்தக் காலத்துக் கதைகள் நிறைய.

தீ, நீர் இரண்டும் நமக்கு ஏட்டைச் சோதிக்கும் இடங்களும்கூட. மதுரையில் சம்பந்தர் தீயில் இட்ட ஏடு பச்சையாகவே இருந்தது, வைகையில் விட்ட ஏடு நீரை எதிர்த்து ஏறிப் போய் நின்ற இடம் திருவேடகம் என்று கதை. நல்ல ஏட்டைத் தீ தொடாது, நீர் இழுக்காது என்று கேட்டு வளர்ந்த ஓர் ஊர், பழுதான ஏட்டைத் தீயிலும் நீரிலும் விட்டதில் ஆச்சரியம் இல்லை. ஐயருக்கு எதிர்நீச்சல் போட்டு வந்த ஏடு எதுவும் கிடைக்கவில்லை. வீடு வீடாகப் போய்க் கெஞ்சித்தான் வாங்கினார்.

சரி, பழைய தாளை என்னதான் செய்வது? எரிக்கக் கூடாது, விடக் கூடாது என்றால் வீடு பத்திரிகைப் பையால் நிறைந்துவிடும். இந்தச் சிக்கல் நம் ஒருவருடையது இல்லை. எழுத்தை மதித்த எல்லாருக்கும் வந்திருக்கிறது. இதைத் தேடும்போதுதான் பினாங்கு மாதிரி ஓர் ஊரில் இருப்பதன் வசதி தெரிந்தது. ஜாலான் மஸ்ஜித் கப்பித்தான் கிளிங் ஓரமாக நடந்தால் 1818-இல் கட்டிய செயின்ட் ஜார்ஜ் தேவாலயம், குவான்யின் கோயில், ஒரு தெரு உள்ளே தள்ளி 1833-இன் மாரியம்மன் கோயில், அப்புறம் 1801-இல் இந்திய முஸ்லிம்கள் எழுப்பிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல். பத்து நிமிட நடை. எழுத்து விஷயத்தில் ஆளுக்கொரு வழக்கம்.

சீனர்களிடம் இருந்த வழக்கம்தான் இருப்பதிலேயே ஒழுங்கானது. எழுதிய தாள் எதுவானாலும், அது மளிகைக் கணக்காக இருந்தாலும், தரையில் கிடக்கக் கூடாது, காலில் படக் கூடாது. இதற்கென்றே மிங், சிங் காலத்தில் சங்கங்கள் இருந்தன. மூங்கில் கூடையும் இடுக்கியும் எடுத்துக்கொண்டு தெருத் தெருவாகப் போய்த் தாள் பொறுக்குவார்கள். பொறுக்கியதைக் குப்பை அடுப்பில் போட முடியாது. அதற்கென்று கோபுரம் போலச் சின்னதாகக் கட்டிய தனிச் சூளை உண்டு. எரித்த சாம்பலைச் சேர்த்து வைத்து, நல்ல நாள் பார்த்து, மேளதாளத்தோடு ஆற்றிலோ கடலிலோ விடுவார்கள். புண்ணியக் கணக்கு எழுதும் ஏடுகளில் இத்தனை தாள் பொறுக்கினால் இத்தனை மதிப்பு என்றுகூடப் போட்டிருக்கும். தைவானின் மெய்நோங் ஊரில் ஹக்கா மக்கள் இந்தச் சாம்பல் ஊர்வலத்தை இன்னும் நடத்துகிறார்கள்.

நமக்குப் பக்கத்தில், சிங்கப்பூர் தெலுக் ஆயர் ஸ்திரீட்டில், 1849-இல் தொடங்கி 1852-இல் கட்டி முடித்த சோங் வென் கே என்ற மண்டபத்தில் எழுத்துத் தாள் எரிக்கும் சூளை ஒன்று உண்டு. அதே வரிசையில் சில வாசல் தள்ளி நாகூர் தர்கா. நம்மவர்கள் நாகூர் ஆண்டவருக்கு அங்கே ஒன்று, இங்கே லெபோ சுலியாவில் ஒன்று என்று தர்கா எழுப்பிக்கொண்டிருந்த அதே நூற்றாண்டு. சாம்பிராணிப் புகையும் எழுத்துத் தாள் புகையும் ஒரே தெருவில் கலந்திருக்கும்.

யூதர்கள் எரிப்பதில்லை. இறைவன் பெயர் எழுதிய தாளை அழிக்கக் கூடாது என்பது அவர்கள் சட்டம். பழுதானதை ஓர் அறையில் சேர்த்து வைத்து, பிறகு மனிதரைப் புதைப்பது போலப் புதைப்பார்கள். அந்த அறைக்கு கெனிசா என்று பெயர். கெய்ரோவின் பென் எஸ்ரா தொழுகைக் கூடத்தில் இருந்த அறையை மட்டும் சரியாகக் காலி செய்யாமல் நூற்றாண்டுக் கணக்கில் போட்டுக்கொண்டே வந்திருக்கிறார்கள். 1896, 97-இல் சாலமன் ஷெக்டர் அங்கே போய், அள்ளிக்கொண்டு கேம்பிரிட்ஜுக்கு வந்தார். அங்கே மட்டும் 1,90,000-க்கு மேல் துண்டுகள் இருக்கின்றன. வேதத் தாள் மட்டுமா? கல்யாண ஒப்பந்தம், கடன் சீட்டு, பிள்ளைகள் எழுத்துப் பழகிய தாள், மங்களூரிலிருந்தும் மலபாரிலிருந்தும் மிளகு வியாபாரிகள் எழுதிய கடிதம் எல்லாம். இந்தியப் பெருங்கடல் வணிகத்தைப் பற்றி இன்று நமக்குத் தெரிந்ததில் ஒரு நல்ல பங்கு அந்தக் குப்பை அறையிலிருந்து வந்தது. எகிப்தின் காற்றில் ஈரம் இல்லை, அதுதான் முக்கியமான காரணம். பினாங்கில் அப்படி ஓர் அறை வைத்திருந்தால் பத்து மழைக்காலத்தில் கூழாகியிருக்கும். பினாங்கிலும் ஒரு சின்ன யூதச் சமூகம் இருந்தது. ஜாலான் ஸைனல் அபிடினில் அவர்களின் இடுகாடு மட்டும் மிச்சம். கல்லறை எபிரேய எழுத்துகள் கல்லில் வெட்டியதால்தான் இன்னும் படிக்கும்படி இருக்கின்றன.

முஸ்லிம்களின் வழி நடைமுறைக்கு ஏற்றது. பழுதான குர்ஆன் பிரதியைத் துணியில் சுற்றிக் காலடி படாத இடத்தில் புதைக்கலாம், ஓடும் நீரில் விடலாம், எரித்துச் சாம்பலைச் சேர்க்கலாம். கலீஃபா உஸ்மான் ஒரே பாடத்தை நிலைநிறுத்தியபோது மற்றப் பிரதிகளை எரிக்கச் சொன்னார் என்பது மரபு தரும் செய்தி. அந்த எரிப்பை யாரும் இழப்பாகப் பேசுவதில்லை. பாடம் ஏற்கெனவே ஆயிரம் நெஞ்சில் மனப்பாடமாக இருந்தது, தாளிலும் படியெடுத்தாகிவிட்டது. மலேசியாவில் குர்ஆன் அச்சிடுவதற்கென்றே 1986-இல் ஒரு சட்டம் வந்தது. ஓர் எழுத்துப் பிழைகூட அச்சில் போகக் கூடாது என்ற கவலை அதன் அடியில் இருக்கிறது. கரிவலம்வந்தநல்லூரில் நடந்ததும் எரிப்புதான். ஆனால் அங்கே தீயில் போடுமுன் யாரும் படி எடுக்கவில்லை. இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான்.

கல்லில் வெட்டினால் இந்தத் தொல்லை இல்லையே என்று தோன்றும். பினாங்கு மாநிலத்திலேயே இரண்டு சாட்சி இருக்கிறது. ஜேம்ஸ் லோ என்ற பிரிட்டிஷ் அதிகாரி 1834-இல் செபராங் பிறையில் ஒரு கல்வெட்டைக் கண்டெடுத்தார். நடுவில் ஒரு ஸ்தூபி, ஓரங்களில் பல்லவ எழுத்தை ஒத்த எழுத்தில் சமஸ்கிருத வரிகள். புத்தகுப்தன் என்ற மாநாவிகன், அதாவது பெரிய மாலுமி, 5-ஆம் நூற்றாண்டு வாக்கில் வைத்தது. அறியாமையால் வினை சேர்கிறது, வினையால் பிறவி வருகிறது என்று ஒரு வாசகமும் அதில் உண்டு. பிழைத்த கல்தான். ஆனால் இன்று அது இருப்பது கொல்கத்தா அருங்காட்சியகத்தில். மற்றொன்று புக்கிட் மெர்தாஜாமில், செயின்ட் ஆன் தேவாலய வளாகத்துக்குள் இருக்கும் செரோக் தோக்குன் பாறை. அது எங்கேயும் போகவில்லை. மழைதான் அதைக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துக்கொண்டிருக்கிறது. ஒருமுறை போய் நின்று பார்த்தேன். எது எழுத்து, எது பாறையின் வெடிப்பு என்று என் கண்ணுக்குப் பிடிபடவில்லை. விரலால் தடவிப் பார்க்க ஆசையாக இருந்தது. தடவினால் இன்னும் தேயும் என்று கையைப் பின்னால் கட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஆக, கையால் படியெடுப்பது ஒன்றுதான் வழி என்று கதைக்கூட்டத்துக்கு அந்தத் தொழிலைக் கொடுத்தேன். உடனே வேறொரு வம்பு வந்தது. படியெடுப்பவர் மனிதர். கண் வரி தாண்டும், காது தவறாகக் கேட்கும். ஓலையில் புள்ளி குத்தினால் கிழியும் என்று மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்க மாட்டார்கள். எகர ஒகரத்துக்குக் குறில் நெடில் வேறுபாடும் ஏட்டில் தெரியாது. கொம்பைச் சுழித்து ஏகார ஓகாரத்தைப் பிரித்துக் காட்டியது வீரமாமுனிவர் செய்த உதவி. ஒரு சொல்லை 'எரி' என்று படிப்பதா 'ஏரி' என்று படிப்பதா என்பதைப் பொருள் தெரிந்தவர்தான் சொல்ல வேண்டும். பொருள் தெரியாத பக்தர் கொடுத்த படி அழகாக இருக்கும், ஆனால் தப்பாக இருக்கும்.

இன்னொரு வம்பு, எழுத்தின் வடிவமே மாறுவது. 1978-இல் தமிழ்நாட்டு அரசு பெரியாரின் சீர்திருத்தத்தில் ஒரு பகுதியை ஏற்றது. யானைத் தும்பிக்கை வைத்த பழைய 'லை', 'ணை', 'னை' எல்லாம் போய் இன்றைய வடிவம் வந்தது. பின்னால் மலேசியாவும் மாறிக்கொண்டது. என் அம்மா இன்னும் சந்தைச் சீட்டில் தும்பிக்கையோடுதான் 'வெற்றிலை' எழுதுகிறார். கடைத் தம்பி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு "என்னாக்கா இது?" என்று கைபேசியில் எனக்குப் படம் அனுப்புவான். கதையில் என் கூட்டம் இந்த இடத்தில்தான் இரண்டாக உடைகிறது. எழுத்தின் உருவமே தெய்வம் என்பவர்கள் தும்பிக்கையை விடமாட்டோம் என்கிறார்கள். ஒலிதான் தெய்வம், உருவம் சட்டை மாதிரி என்பவர்கள் புது 'லை'க்குப் போய்விடுகிறார்கள். கடைவீட்டு மேல்மாடியில் நடுவே பலகை அடித்துத் தடுப்புப் போடுகிறார்கள். அடுப்பு மட்டும் பொது. அந்த அத்தியாயம்தான் எழுத எனக்கு ரொம்பப் பிடித்தது.

உருவம் பிழைத்து வாசிப்பவர் போய்விடுவதும் உண்டு. தமிழகத்திலும் இலங்கையிலும் கரையோர முஸ்லிம்கள் அரபு எழுத்தில் தமிழை எழுதினார்கள். அரபுத்தமிழ் என்பது அதற்குப் பெயர். தமிழுக்கே உரிய ஒலிகளுக்காக அரபு எழுத்தின் மேலும் கீழும் கூடுதல் புள்ளி வைத்துப் புது எழுத்துகள் செய்துகொண்டார்கள். மார்க்கச் சட்டம், மருத்துவம், தாலாட்டு எல்லாம் அதில் உண்டு. இன்று படிக்கத் தெரிந்தவர்கள் குறைந்துவிட்டார்கள். படிக்கத் தெரியாத பேரன், அரபு எழுத்தைப் பார்த்ததும் முத்தமிட்டு உயரத்தில் வைப்பான். அது பாட்டி எழுதிய சமையல் குறிப்பாகக்கூட இருக்கலாம்.

இதையெல்லாம் பழங்கதை என்று சொல்லிவிட முடியவில்லை. நானே ஒரு சிதம்பரத்து அறை வைத்திருந்தேன். 1998-இல் அப்பா சொல்லச் சொல்ல, ரப்பர் தோட்டத்தில் அவருடைய அம்மா பாடிய தாலாட்டுகளையும் வெட்டுமரத்துப் பாட்டுகளையும் கணினியில் தட்டினேன். 40 பாட்டுக்கு மேல் இருக்கும். பிளாப்பி டிஸ்கில் போட்டு, உறையில் அப்பா பெயர் எழுதி, சாமி மேடைக்குக் கீழே டிராயரில் வைத்தேன். அப்பா போன பிறகு ஒருநாள் ஆளைத் தேடிப் பிடித்து டிஸ்கைத் திறந்தால், பாட்டு இருக்க வேண்டிய இடத்தில் கொக்கி, வட்டம், தலைகீழ்க் கேள்விக்குறி. அந்தக் காலத்தில் ஒவ்வொரு தமிழ் எழுத்துருவும் தனக்கென்று ஒரு குறியீட்டு வரிசை வைத்திருந்தது. அந்த எழுத்துரு இல்லாவிட்டால் கோப்பு வெறும் கிறுக்கல். நான் பயன்படுத்திய எழுத்துரு எது என்று எனக்கே நினைவில்லை.

எல்லாருக்கும் பொதுவான குறியீடாக யூனிகோடு 1991-இல் முதல் பதிப்பு வந்தபோதே தமிழ் அதில் இருந்தது. ஆனால் வீடுகளுக்கு அது வந்து சேர இன்னும் பத்து ஆண்டுக்கு மேல் பிடித்தது. இடைக்காலத்தில் கணினித் தமிழைத் தூக்கிச் சுமந்தவர்களில் ஒருவர் நம் மலேசியக்காரர் முத்து நெடுமாறன். 1985-இல் முரசு மென்பொருளைத் தொடங்கியவர். இன்று கைபேசியில் தமிழைத் தட்டிக்கொண்டு போகிறோம், அதற்குப் பின்னால் இப்படிச் சிலரின் ராத்தூக்கம் இருக்கிறது. என் கதைக்கூட்டத்தில் ஓர் ஆளுக்குக் கணினி வேலை கொடுத்ததற்கு அதுதான் காரணம். மற்றவர்கள் அவரைக் கொஞ்சம் இளக்காரமாகப் பார்க்கிறார்கள், மை படாத கை என்று.

தாலாட்டுக்கு வருகிறேன். மாற்றிகள் சிலவற்றைப் போட்டு முயன்றதில் பாதி வரிகள் அரைகுறையாக மீண்டன. ஒன்பது பாட்டு மட்டும் முழுசாகக் கிடைத்தது, அதுவும் டிஸ்கிலிருந்து இல்லை. என் அக்காள் மகள் தமிழ்ப்பள்ளியில் படித்தபோது ஏதோ ஒப்படைப்புக்காகத் தாத்தாவிடம் கேட்டுக் கையால் எழுதிய நோட்டுப் புத்தகம். அக்காள் அதை ஒரு முறை 'பேப்பர் லாமா'வுக்குப் போடப் பார்த்து, முன் அட்டையில் சரஸ்வதி படம் இருந்ததால் விட்டுவிட்டாராம்.

கதையில் இப்போது பெட்டி இல்லை. கூட்டத்தின் சட்டத்தை மாற்றி எழுதியிருக்கிறேன். கோயிலுக்குப் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒரு முறை கும்பாபிஷேகம் செய்கிறோமே, அதை வைத்துச் செய்தது. முதலில் பாலாலயம் செய்து சாமியின் சக்தியை வேறிடத்துக்கு மாற்றுவார்கள், பிறகு பழுது பார்த்து, திரும்பக் கொண்டுவந்து நிறுத்துவார்கள். அதுபோலப் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒரு முறை ஒவ்வோர் ஏட்டையும் புதிதாகப் பெயர்த்தெழுத வேண்டும். எழுதியதை மூன்று பேர் உரக்கப் படிக்க வேண்டும், அதில் ஒருவர் பத்து வயதுக்கு உட்பட்ட பிள்ளையாக இருக்க வேண்டும். பிள்ளை தடுமாறும் இடத்தில் நிறுத்திப் பொருள் சொல்ல வேண்டும். சொல்ல முடியாவிட்டால் அந்தப் பக்கம் செல்லாது. இதெல்லாம் முடிந்த பிறகுதான் பழைய ஏட்டைக் கடலில் விடலாம். படகு கிளம்பும் இடம் வெல்ட் கீ படகுத்துறை. முன்பு ரகசியமாக இருந்த கூட்டம் இந்தச் சட்டத்தால் ஊருக்கே தெரிந்துபோகிறது, ஏனென்றால் ஒவ்வொரு முறையும் யாராவது ஒரு பிள்ளையைக் கடன் கேட்டுத் தெருவில் கதவைத் தட்ட வேண்டியிருக்கிறது.

இந்தச் சட்டத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். பிள்ளையை அழைத்துவந்து படிக்கச் சொல்லும் இடத்தில் தலையாட்டினார். கடலில் விடுவது பிடிக்கவில்லை. "மீன் தின்னும்ல?" என்றார்.

போன தீபாவளிக்கு ஒரு வழி பிறந்தது. அம்மா கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து, ஒவ்வொரு பத்திரிகையிலும் பிள்ளையாரை மட்டும், சுழி இருந்தால் சுழியை மட்டும், வெட்டி எடுத்தார். மணமகன் மணமகள் பெயர், மண்டபம், முகூர்த்த நேரம் எல்லாம் லோரிக்குப் போனது. லோரிக்காரர் நிறுத்துப் பார்த்து மூன்று ரிங்கிட் கொடுத்தார். வெட்டிய பிள்ளையார்கள் எல்லாரும் ஒரு மைலோ டின்னில் இருக்கிறார்கள். டின் இப்போது அலமாரிக்கு மேலே, பை இருந்த இடத்தில். முக்கால் டின் நிறைந்துவிட்டது.